பன்னிரண்டு பேர், ஒரு வேன், ஐந்து எல்லைகள்: பால்கன் நாடுகளில் சிறு குழுச் சுற்றுலாவுக்கு முழு வழிகாட்டி

பால்கன் பயணம் என்றதும் எல்லோரும் ஊர்ப் பெயர்களை எழுத ஆரம்பிக்கிறார்கள்: துப்ரோவ்னிக், மோஸ்தார், கோட்டோர். முதலில் எல்லைகளை எழுதுங்கள் என்பேன். சரயேவோவிலிருந்து மோஸ்தார், துப்ரோவ்னிக் வழியாகக் கோட்டோர் போய்ச் சேர ஏறத்தாழ 360 கிலோமீட்டர்தான். அதற்குள் மூன்று நாடுகளைத் தொட்டு இரண்டு எல்லைகளைக் கடந்திருப்பீர்கள். பெரும்பாலான எல்லைகளில் பணம் மாறும், அலைபேசி இணைப்பு மாறும், ஒரே பேச்சுக்குப் பெயர் மாறும், யூகோஸ்லாவியா உடைந்தபோது மூண்ட 1990களின் போரைச் சொல்லும் விதமும் மாறும். இந்தப் பயணத்தின் சிரமம் முழுவதும் எல்லைகளில்தான் இருக்கிறது. அருமையும் அங்கேதான் இருக்கிறது.

குரோவேஷியாவில் தொடங்கி போஸ்னியா, மறுபடி குரோவேஷியா, மொண்டெனேகுரோ, அல்பேனியா என்று சென்று வட மாசிடோனியாவில் முடித்த எங்கள் பதினான்கு இரவுப் பயணத்தை வைத்தே இதை எழுதுகிறேன். செர்பியா, கொசோவோ, பல்கேரியாவைச் சேர்க்க விரும்புகிறவர்களுக்கும் இதே படிகள் பொருந்தும்.

முதற்படி: சிறு குழு உங்களுக்கு வேண்டுமா என்று முடிவு செய்வது

இங்கே ரயிலை நம்பி நாடு விட்டு நாடு போக முடியாது. துப்ரோவ்னிக்குக்கு ரயில் பாதையே கிடையாது. அல்பேனியாவிலிருந்து அண்டை நாடுகளுக்குப் பயணிகள் ரயில் ஓடுவதில்லை. பஸ்கள் உண்டு. ஆனால் நாளுக்கு ஒன்றிரண்டுதான், அதுவும் பருவத்தைப் பொறுத்து. வாடகைக் கார் எடுத்தால் ஒவ்வொரு நாட்டுக்கும் எல்லை கடக்கும் அனுமதியும் காப்பீட்டுத் தாளும் வாங்க வேண்டும். ஒரு நாட்டில் எடுத்த காரை இன்னொரு நாட்டில் விட்டுவிட்டு வர நினைத்தால் செலவு கையைக் கடிக்கும்.

நாற்பத்தைந்து பேர் ஏறும் பெரிய பஸ்ஸில் இந்தத் தொல்லைகள் இல்லை. ஆனால் எல்லைச் சாவடியில் நாற்பத்தைந்து கடவுச்சீட்டுகளையும் பார்த்து முடிக்கும்வரை அது நகராது. பழைய நகரங்களின் தெருக்களுக்குள் நுழையவும் அதற்கு வழியில்லை. எட்டு முதல் பதினாறு பேர் வரை ஒரு வேனில் போகும் சிறு குழு இந்த நிலத்துக்கென்றே அமைந்தது போலப் பொருந்துகிறது. வழிகாட்டியின் குரல் ஒலிபெருக்கி இல்லாமலே கேட்கும். கேட்ட கேள்விக்குப் பதில் வரும். வழியில் ஒரு தோட்டத்தில் அத்திப்பழம் விற்றால் வேனை நிறுத்த முடியும்.

இரண்டாம் படி: நாடுகளைக் குறைப்பது

பத்து நாளில் எட்டு நாடுகள் என்று விளம்பரம் வரும். வாங்காதீர்கள். பெரும்பாலான எல்லைகளில் புறப்படும் நாட்டின் சோதனை ஒன்று, நுழையும் நாட்டின் சோதனை ஒன்று என்று இரண்டு உண்டு. நல்ல நாளில் அரை மணி, ஆகஸ்ட் மாதத்தில் இரண்டு மூன்று மணி நேரம் போகும். எட்டு நாடு என்றால் பயணத்தின் பெரும்பகுதி வேன் கண்ணாடி வழியாகத்தான்.

எங்கள் கணக்கு இது: ஜாக்ரெப் ஓர் இரவு, பிளிட்விட்சே ஏரிகள் ஓர் இரவு, சரயேவோ இரண்டு, மோஸ்தார் ஒன்று, துப்ரோவ்னிக் இரண்டு, கோட்டோர் இரண்டு, திரானா ஒன்று, பெராத் ஒன்று, ஓஹ்ரிட் இரண்டு, ஸ்கோப்யே ஒன்று. மறுபடி போனால் சரயேவோவுக்கு மூன்று இரவு ஒதுக்குவேன். மோஸ்தாரில் ஓர் இரவாவது தங்கியே ஆக வேண்டும். பகலில் துப்ரோவ்னிக்கிலிருந்து வரும் கூட்டம் மாலையில் திரும்பிவிடும். அதற்குப் பிறகுதான் ஊரின் பழைய பாலம் ஊர்க்காரர்களுக்குத் திரும்பக் கிடைக்கிறது.

மே, ஜூன், செப்டம்பர் ஆகியவை நல்ல மாதங்கள். ஜூலையிலும் ஆகஸ்டிலும் கடற்கரையோரம் வெயிலும் நெரிசலும் தாங்காது. நவம்பருக்குப் பிறகு கடலோர ஊர்களில் பாதிக் கடைகள் மூடியிருக்கும்.

மூன்றாம் படி: நிறுவனத்திடம் கேட்க வேண்டியவை

விலையைக் கேட்பதற்கு முன் நான் கேட்கும் முதல் கேள்வி: ஒவ்வோர் ஊரிலும் அந்த ஊர்க்காரர் வழிகாட்டியாக வருவாரா, அல்லது முதல் நாள் முதல் கடைசி நாள் வரை ஒரே ஆள்தானா? வேனோடு கூடவே வரும் குழுத் தலைவர் தேவை. ஆனால் சரயேவோவின் கதையைச் சரயேவோவில் வளர்ந்தவரும், துப்ரோவ்னிக்கின் கதையைத் துப்ரோவ்னிக்காரரும் சொல்ல வேண்டும். ஒருவரே எல்லாவற்றையும் சொன்னால் ஒரு நாட்டின் பார்வையே உங்கள் பயணம் முழுவதற்கும் பார்வையாகிவிடும்.

அடுத்து, குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர் என்று எழுத்தில் வாங்குங்கள். 'சராசரியாகப் பன்னிரண்டு' என்ற பதில் போதாது. குறைந்தபட்சம் எத்தனை பேர் சேர்ந்தால் பயணம் உறுதி என்றும் கேளுங்கள். அந்த உறுதி வரும்வரை விமான டிக்கெட் வாங்க வேண்டாம். விடுதி பழைய நகரத்துக்குள்ளா, ஐந்து கிலோமீட்டர் தள்ளியா? தனியாக வருகிறவர்களுக்குத் தனி அறைக் கட்டணம் எவ்வளவு? நுழைவுச் சீட்டுகள் விலையில் அடங்குமா? இந்தக் கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். துப்ரோவ்னிக் கோட்டைச் சுவரில் நடக்க மட்டும் ஓர் ஆளுக்கு 40 யூரோ அளவில் ஆகிறது. கோடையில் பிளிட்விட்சே தேசியப் பூங்காவுக்கும் ஏறக்குறைய அவ்வளவுதான். மலிவான பயணத் திட்டங்கள் பெரும்பாலும் இங்கேதான் மலிவாகின்றன.

நான்காம் படி: விசா

இந்தியக் கடவுச்சீட்டுக்காரர்கள் இந்தப் பகுதியை இரண்டு முறை படியுங்கள்.

ஒரே விசாவில் பல ஐரோப்பிய நாடுகளுக்குப் போய்வர விடும் ஷெங்கன் வட்டத்துக்குள் குரோவேஷியா 2023 ஜனவரி 1 அன்று வந்தது, அன்றே யூரோவுக்கும் மாறியது. போஸ்னியா, மொண்டெனேகுரோ, அல்பேனியா, வட மாசிடோனியா, செர்பியா ஆகியவை ஷெங்கனுக்கு வெளியே இருக்கின்றன. ஆனால் செல்லுபடியாகும் பலமுறை நுழைவு ஷெங்கன் விசா கையில் இருந்தால், இந்த நாடுகள் தனி விசா கேட்காமல் குறுகிய காலத்துக்கு நம்மை அனுமதிக்கின்றன. எத்தனை நாள் என்பது நாட்டுக்கு நாடு வேறுபடும். அல்பேனியாவுக்கு அந்த விசாவை ஏற்கெனவே ஒருமுறையாவது பயன்படுத்தியிருக்க வேண்டும். குரோவேஷியாவில் தொடங்குகிற பயணத்தில் அந்த நிபந்தனை தானாகவே நிறைவேறிவிடும். விதிகள் அடிக்கடி மாறுவதால் புறப்படும் மாதத்தில் ஒவ்வொரு நாட்டின் வெளியுறவு அமைச்சகத் தளத்தையும் ஒருமுறை பார்த்து, அந்தப் பக்கத்தை அச்சிட்டு எடுத்துச் செல்லுங்கள்.

ஆகவே உங்கள் விண்ணப்பத்தில் கவனிக்க வேண்டியது 'பலமுறை நுழைவு' என்ற கட்டம். எங்கள் குழுவில் ஒரு தம்பதிக்கு விண்ணப்பத்தை நிரப்பிக் கொடுத்த முகவர் 'ஒருமுறை' என்ற இடத்தில் குறியிட்டுவிட்டார். விசா கிடைத்த மகிழ்ச்சியில் அவர்களும் பார்க்கவில்லை. போஸ்னியாவுக்குள் போக அந்த விசா செல்லாது, போனாலும் துப்ரோவ்னிக்குக்காகக் குரோவேஷியாவுக்குள் திரும்ப முடியாது. நாங்கள் சரயேவோவுக்குக் கிளம்பிய காலையில் அவர்கள் பிளிட்விட்சேயில் விடைபெற்று, பஸ் பிடித்து துப்ரோவ்னிக் போய் எங்களுக்காகக் காத்திருந்தார்கள். அதுகூட 2022இல் திறக்கப்பட்ட பெல்யேஷாட்ஸ் பாலத்தால்தான் முடிந்தது. அதற்கு முன் துப்ரோவ்னிக்குக்குத் தரைவழியாகப் போகும் நெடுஞ்சாலை, போஸ்னியாவின் ஒரே கடற்கரைத் துண்டான நேயும் ஊருக்குள் நுழைந்துதான் வெளியேறும். துப்ரோவ்னிக்கில் இரண்டு நாள் சேர்ந்திருந்துவிட்டு அவர்கள் அங்கிருந்தே ஊர் திரும்பினார்கள். கோட்டோரும் ஓஹ்ரிடும் அவர்களுக்கு இல்லாமல் போயிற்று.

விண்ணப்பத்தோடு நாள்வாரியான பயணத் திட்டத்தை இணைத்து, குரோவேஷியாவை விட்டு வெளியேறும் தேதியையும் மறுபடி நுழையும் தேதியையும் தெளிவாகக் காட்டுங்கள். ஒரு சிறு முகப்புக் கடிதத்தில், இந்தக் காரணத்துக்காகப் பலமுறை நுழைவு கோருகிறேன் என்று ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள். ஆறு மாதத்துக்கு முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். கோடைப் பயணம் என்றால் மூன்று மாதம் முன்னதாகவாவது கொடுத்துவிடுங்கள். ஷெங்கன் விசாவுக்குக் குறைந்தது 30,000 யூரோ மருத்துவக் காப்பீடு கேட்பார்கள். மலிவான திட்டங்கள் சில ஷெங்கன் நாடுகளுக்கு மட்டுமே செல்லும். போஸ்னியாவும் அல்பேனியாவும் பட்டியலில் இருக்கின்றனவா என்று பாருங்கள்.

கொசோவோவைச் சேர்க்கிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. 2008இல் கொசோவோ அறிவித்த விடுதலையை செர்பியா ஏற்கவில்லை. அல்பேனியா அல்லது வட மாசிடோனியா வழியாகக் கொசோவோவுக்குள் நுழைந்துவிட்டு அங்கிருந்து நேரே செர்பியாவுக்குள் போனால், செர்பியாவின் கணக்கில் நீங்கள் முறையாக நாட்டுக்குள் வராதவர். செர்பியாவிலிருந்து கொசோவோவுக்குப் போகும் வரிசையில் பயணத்தை அமையுங்கள்.

கனடா, பிரிட்டன் கடவுச்சீட்டு வைத்திருக்கும் நம்மவர்களுக்கு இந்த ஐந்து நாடுகளுக்கும் குறுகிய பயணத்துக்கு விசா தேவையில்லை. இலங்கைக் கடவுச்சீட்டுக்கான விதிகளை மட்டும் இந்திய விதிகளோடு ஒன்றாக எண்ணாமல் தனியாகச் சரிபாருங்கள்.

ஐந்தாம் படி: டிக்கெட், பணம், சிம்

போகிற ஊரும் திரும்புகிற ஊரும் வேறாக இருக்கும்படி டிக்கெட் எடுங்கள். ஜாக்ரெப்பில் இறங்கி ஸ்கோப்யேயில் ஏறினால், வந்த வழியே திரும்பும் இரண்டு நாள் மிச்சம். வளைகுடா நாடுகள் அல்லது இஸ்தான்புல் வழியாக மாறிப் போவது வசதி.

குரோவேஷியாவிலும் மொண்டெனேகுரோவிலும் யூரோ. மொண்டெனேகுரோ ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லாமலே யூரோவைப் பயன்படுத்துகிறது. போஸ்னியாவில் மார்க். ஒரு யூரோவுக்கு 1.95583 மார்க் என்று நிலையாகக் கட்டப்பட்டிருப்பதால் விலையைப் பாதியாக்கினால் யூரோ வந்துவிடும். அல்பேனியாவில் லெக், வட மாசிடோனியாவில் தெனார். இந்த மூன்றையும் அந்தந்த நாட்டுக்கு வெளியே மாற்றுவது கடினம். எனவே ஒவ்வொரு நாட்டிலும் இரண்டு நாள் காப்பிக்கும் கழிப்பறைக் கட்டணத்துக்கும் போதுமான அளவே எடுங்கள். வங்கிச் சுவரில் இருக்கும் ஏடிஎம்மில் எடுங்கள், சுற்றுலாத் தெருக்களில் தனியாக நிற்கும் இயந்திரங்கள் கூடுதலாகப் பிடிக்கும். 'உங்கள் ரூபாய்க் கணக்கிலேயே மாற்றித் தரட்டுமா' என்று இயந்திரம் கேட்டால், வேண்டாம் என்று அழுத்துங்கள்.

குரோவேஷியாவில் வாங்கிய சிம் ஐரோப்பிய ஒன்றியம் முழுவதும் வேலை செய்யும். போஸ்னியாவில் கால் வைத்தவுடன் வெளிநாட்டுக் கட்டணம் ஏறத் தொடங்கும். மேற்கு பால்கனின் ஆறு நாடுகள் 2021 ஜூலை முதல் தங்களுக்குள் ரோமிங் கட்டணத்தை நீக்கிவிட்டன. எனவே குரோவேஷியாவுக்கு ஒன்று, மற்றவற்றுக்கு ஒன்று என்று இரண்டு போதும்.

ஆறாம் படி: பெட்டி

சிறிய பெட்டி. வேனின் பின்புறம் பன்னிரண்டு பெரிய பெட்டிகளைத் தாங்காது. சக்கரங்களும் பழைய நகரங்களின் கல் பதித்த சரிவுகளில் உதவாது. துப்ரோவ்னிக்கின் பெரிய தெருவில் சுண்ணாம்புக் கல் நூற்றாண்டுகளாக மிதிபட்டுக் கண்ணாடி போல மின்னும், மழை பெய்தால் வழுக்கும். ரப்பர் அடிப்பாகம் கொண்ட, ஏற்கெனவே பழகிய காலணி அவசியம். மின்செருகி இரண்டு உருண்டை முனை கொண்ட ஐரோப்பிய வகை. நம் மூன்று முனைச் செருகி அதில் நுழையாது.

நெய், பால்கோவா, இறைச்சிப் பொருட்களை ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் கொண்டுபோகக் கூடாது. ஜாக்ரெப்பில் எடுத்துவிடுவார்கள். பருப்புப் பொடியும் ஊறுகாயும் எங்களோடு வந்தன, பல மாலைகளைக் காப்பாற்றின.

ஏழாம் படி: எல்லையில் நடந்துகொள்வது

பெரும்பாலும் ஓட்டுநரோ குழுத் தலைவரோ எல்லாக் கடவுச்சீட்டுகளையும் சேர்த்து வாங்கி அதிகாரியிடம் கொடுப்பார். ஐரோப்பியர்களுடையது நொடியில் திரும்பும். நம்முடையதை ஒரு நிமிடம் கூடுதலாகப் புரட்டுவார்கள். திரும்பும் டிக்கெட், விடுதிப் பட்டியல், காப்பீடு, பயணத் திட்டம் ஆகியவற்றின் அச்சுப் பிரதிகளை ஒரே உறையில் மடியில் வைத்திருங்கள். சாவடியில் படம் எடுக்காதீர்கள். ஷெங்கனுக்குள் முதல்முறை நுழையும்போது கைரேகையும் முகப்படமும் எடுக்கும் புதிய முறை 2025 அக்டோபரில் தொடங்கியிருக்கிறது. அதற்கும் நேரம் வையுங்கள்.

காத்திருக்கும் நேரத்தை வீணென்று எண்ணாதீர்கள். திரானாவிலிருந்து ஓஹ்ரிட் போகும் வழியில் மலைக் கணவாயின் உச்சியில்தான் எல்லை. அங்கே வேன் வரிசையில் நிற்கும்போது கீழே முழு ஓஹ்ரிட் ஏரியும் விரிந்து கிடக்கும். ஐரோப்பாவின் மிகப் பழைய ஏரிகளில் ஒன்று, 288 மீட்டர் ஆழம். அந்த அரை மணிக்காக நான் மறுபடியும் அந்த வரிசையில் நிற்பேன்.

எட்டாம் படி: சாப்பாடு

மாமிசம் சாப்பிடுகிறவர்களுக்குக் கவலையே இல்லை. சரயேவோவின் பழைய கடைத்தெருவான பாஷ்சார்ஷியாவில் தட்டைரொட்டிக்குள் வைத்துத் தரும் செவாப்பி என்ற சுட்ட இறைச்சி உருளைகள் போதும். சைவர்களுக்கு ஒரு பாடம் தேவைப்படுகிறது. போஸ்னியாவில் புரேக் என்றால் மாமிசம் வைத்த மாவுச்சுருள் மட்டும்தான். பாலாடைக்கட்டி வைத்தால் அதன் பெயர் சீர்னிட்சா, கீரை வைத்தால் ஸெல்யானிட்சா, உருளைக்கிழங்கு வைத்தால் குரோம்பிருஷா. 'சைவ புரேக்' என்று கேட்டால் கடைக்காரர் திகைப்பார், குரோம்பிருஷா என்று கேட்டால் மலர்ந்து சிரிப்பார். 'பெஸ் மேசா' என்றால் மாமிசம் இல்லாமல் என்று பொருள். பீன்ஸ் குழம்பில் புகைபோட்ட இறைச்சித் துண்டு சேர்ப்பது வழக்கம், எனவே கேட்டுவிட்டு வாங்குங்கள்.

வட மாசிடோனியாவில் மண்சட்டியில் சுடும் தாவ்சே கிராவ்சே என்ற பீன்ஸ் உணவு பெரும்பாலும் சைவம். சுட்ட சிவப்புக் குடைமிளகாயை அரைத்துச் செய்யும் அய்வார் நம் துவையலுக்கு நெருங்கிய உறவு. ரொட்டிக்கு அதைவிட வேறொன்றும் தேவையில்லை. போஸ்னியாவில் செப்புப் பாத்திரத்தில் வரும் காப்பியைத் துருக்கிக் காப்பி என்று சொல்லாதீர்கள். அது போஸ்னியக் காப்பி. கூடவே ஒரு துண்டு இனிப்பு வரும். அவசரமாகக் குடிப்பதற்காக அதை அவர்கள் செய்வதில்லை.

மொழியிலும் இதே கவனம் வேண்டும். ஜாக்ரெப்பில் பேசுவது குரோவேஷியன், சரயேவோவில் போஸ்னியன், கோட்டோரில் மொண்டெனேகுரியன். ஒருவருக்கொருவர் நன்றாகப் புரியும். ஆனால் பெயரை மாற்றிச் சொன்னால் மனம் நோகும். மூன்று இடத்திலும் 'ஹ்வாலா' என்றால் நன்றி. அல்பேனியாவில் 'ஃபாலெமிந்தெரித்', வட மாசிடோனியாவில் 'ப்ளகோதாரம்'.

ஒன்பதாம் படி: போரைப் பற்றிக் கேட்பது

சரயேவோ 1992 ஏப்ரல் முதல் 1996 பிப்ரவரி வரை முற்றுகையில் இருந்தது. உங்கள் வழிகாட்டிக்கு நாற்பது வயது என்றால் அந்த நாட்களில் அவர் பள்ளிப் பிள்ளை. எனவே 'நீங்கள் எந்த மதம், எந்தப் பக்கம்' என்று கேட்காதீர்கள். 'அப்போது நீங்கள் இங்கே இருந்தீர்களா' என்று மட்டும் கேளுங்கள், அதுவும் முதல் மணி நேரத்தில் வேண்டாம். சொல்ல விருப்பமிருந்தால் அவரே சொல்வார். எங்களுக்குச் சொன்னவர் விமான நிலையத்தின் அடியில் 1993இல் தோண்டிய, 800 மீட்டர் நீளச் சுரங்கத்தின் வாயிலில் நின்று சொன்னார். யாரும் படம் எடுக்கவில்லை.

சரயேவோவில் வியேச்னிட்சா என்ற பழைய நகர மன்றக் கட்டடத்துக்குக் கட்டாயம் போங்கள். போஸ்னியாவின் தேசிய நூலகமாக இருந்த அது 1992 ஆகஸ்டில் குண்டுவீச்சில் எரிந்தது. லட்சக்கணக்கான நூல்கள் சாம்பலாகி நகரத்தின்மேல் உதிர்ந்தன. 2014இல் சீரமைத்துத் திறந்தார்கள். வழிகாட்டி இதைச் சொல்லி முடித்ததும், எங்கள் குழுவில் யாழ்ப்பாணத்தில் பிறந்து டொராண்டோவில் வாழும் ஓர் அம்மா, 1981இல் எரிந்த யாழ் நூலகத்தைப் பற்றி அவரிடம் சொன்னார். ஏறத்தாழ 97,000 நூல்கள். வழிகாட்டி அந்தப் பெயரைத் திருப்பிச் சொல்லிப் பார்த்துத் தன் கையேட்டில் எழுதிக்கொண்டார். அன்று பிற்பகல் நிரலில் இருந்த அருங்காட்சியகத்தை விட்டுவிட்டு இருவரும் பேசட்டும் என்று நாங்கள் காப்பிக் கடையில் உட்கார்ந்தோம். பன்னிரண்டு பேர் குழுவில் இது முடிகிறது.

மோஸ்தாரில் 1566இல் கட்டிய பாலத்தை 1993 நவம்பர் 9 அன்று போஸ்னியாவில் வாழும் குரோவேஷியர்களின் படையின் பீரங்கிகள் வீழ்த்தின. 2004 ஜூலையில் மறுபடி எழுந்தது. மறுநாளே துப்ரோவ்னிக்கில், 1991இல் தங்கள் நகரம் முற்றுகையிடப்பட்டதை ஒரு குரோவேஷியர் சொல்வார். துப்ரோவ்னிக்கைத் தாக்கிய படையில் மொண்டெனேகுரோ வீரர்களும் இருந்தார்கள், அதற்கடுத்த நாள் நீங்கள் கோட்டோரில் இருப்பீர்கள். அடிபட்டவரும் அடித்தவரும் எல்லை தாண்டும்போது இடம் மாறுவதைக் கேட்டுக்கொண்டே போவீர்கள். ஒருவர் சொன்னதை வைத்து அடுத்தவரோடு வாதிடாதீர்கள். இரண்டையும் குறித்துக்கொள்ளுங்கள்.

போஸ்னியாவின் மலைப்பகுதிகளில் கண்ணிவெடிகள் இன்னும் இருக்கின்றன. குறியிட்ட பாதையை விட்டு இறங்காதீர்கள், கைவிட்ட வீடுகளுக்குள் நுழையாதீர்கள்.

குழுவுக்குள்

வேனில் தினமும் இருக்கை மாற்றிக்கொள்வது என்று முதல் நாளே பேசி முடிவெடுங்கள், பின்வரிசையில் உள்ளவருக்கே எப்போதும் தலை சுற்றக் கூடாது. மலைப்பாதைகள் நிறைய. கோட்டோரின் கோட்டைக்கு 1,350 படிகள். முழங்கால் வலி உள்ளவர்கள் கூச்சப்படாமல் விலகிக்கொண்டு வளைகுடாவில் படகில் போகலாம். பெராத்தின் மலைக்கோட்டைக்குள் இன்றும் குடும்பங்கள் வாழ்கின்றன, அங்கே குரலைத் தாழ்த்திப் பேசுங்கள். திரானாவில், அல்பேனியாவின் கம்யூனிஸ்ட் சர்வாதிகாரி என்வர் ஹோஜாவின் ஆட்சிக்காலப் பதுங்கறைகளில் ஒன்று அருங்காட்சியகமாகியிருக்கிறது. அடைபட்ட இடம் தாளாதவர்கள் வெளியே சதுக்கத்தில் காத்திருக்கலாம்.

கடைசி நாள் ஸ்கோப்யே. விமானம் பெரும்பாலும் அதிகாலையில் என்பதால் முந்தின நாள் மாலையே ஊரை நடந்து பார்த்துவிடுங்கள். அன்னை தெரசா 1910இல் பிறந்த ஊர் இது. அவர் திருமுழுக்குப் பெற்ற ஆலயம் நின்ற இடத்தில் இன்று நினைவு இல்லம் இருக்கிறது. அந்த ஆலயம் 1963 ஜூலை 26 நிலநடுக்கத்தில் விழுந்தது. அருகிலேயே பழைய ரயில் நிலையத்தின் கடிகாரம் அந்தக் காலை 5.17இல் நின்றபடி இருக்கிறது. பிறகு கற்பாலத்தைத் தாண்டிப் பழைய கடைவீதிக்குப் போய், கையில் மிஞ்சிய தெனார் முழுவதற்கும் அய்வார் வாங்குங்கள். கண்ணாடிக் குப்பியைச் சட்டைகளுக்குள் சுருட்டிப் பெரிய பெட்டியில் வையுங்கள். கைப்பையில் வைத்தால் விமான நிலையப் பாதுகாப்புச் சோதனையில் எடுத்துவிடுவார்கள்.